ஏரியும் காடும் – 12: தரிசு என்று எழுதப்பட்ட காடு

படப்பை கடைத்தெருவில் இறங்கி, இங்கே காடு எங்கே இருக்கிறது என்று கேட்டால் டீக்கடைக்காரர் சிரிப்பார். நான் கேட்டபோதும் சிரித்தார். "காடா? வண்டலூர் ஜூவுக்குப் போங்க சார், ஏழாம் நம்பர் கூண்டுகிட்ட நின்னா நல்லாத் தெரியும்" என்றார். கிண்டல்தான். ஆனால் இந்த அத்தியாயத்தில் நான் சொல்லப்போவதில் பாதி அந்தக் கிண்டலிலேயே இருந்தது என்று வீட்டுக்கு வந்த பிறகுதான் உறைத்தது.

கடைக்குப் பக்கத்திலேயே கூடையில் களாக்காய் வைத்துக்கொண்டு ஓர் அம்மா உட்கார்ந்திருந்தார். அவருக்கு வண்டலூர் மலையடிவாரத்து ஊர். பாதி பழுத்தும் பாதி பச்சையுமாகக் காய்கள். கையெல்லாம் முள் கீறிய கோடுகள். எங்கே பறித்தது என்றேன். "பாரஸ்ட்டுலதான்" என்றவர், குரலைத் தாழ்த்திக்கொண்டு, "ஓரமாத்தான் சார்" என்று சேர்த்துக்கொண்டார். பிறகு அவராகவே சொன்னார்: "எங்க ஆயா 'மலைக்குப் போறேன்'னுதான் சொல்லும். பாரஸ்ட்டுன்னு சொல்றதெல்லாம் நாங்க கத்துக்கிட்டது."

சென்ற அத்தியாயத்தில் மணிமங்கலத்தை விட்டுக் கிளம்பினோம். நரசிம்மவர்மனும் புலிகேசியும் மோதிக்கொண்ட அந்த ஊரிலிருந்து படப்பை கூப்பிடு தொலைவுதான். அந்தப் போர்க்களத்தை விட எனக்குப் பெரிய புதையலாகப்படுவது, மணிமங்கலம் ராஜகோபாலப் பெருமாள் கோயில் சுவரிலுள்ள சோழர் காலத்துக் கல்வெட்டுகள் ஊரின் முகவரியைச் சொல்லும் விதம். ஜெயங்கொண்ட சோழ மண்டலத்து, செங்காட்டுக் கோட்டத்து, மாகனூர் நாட்டு மணிமங்கலம். கோட்டத்தின் பெயரிலேயே காடு இருக்கிறது. செம்மண் காடு. ஊரும் ஏரியும் கோயிலும் நான்கு வேதம் ஓதும் சதுர்வேதி மங்கலமும் வந்த பிறகும், அஞ்சல் முகவரியில் காடுதான் முன்னால் நின்றது.

படப்பை என்ற சொல்லோ இன்னும் பழையது. சங்கப் பாடல்களில் வீட்டை ஒட்டிய தோட்டத்துக்கும் கொல்லைக்கும் அந்தப் பெயர். நடுக்காட்டுக்கு அல்ல. வயலுக்கும் அல்ல. வீட்டுக்கும் காட்டுக்கும் இடைப்பட்ட இடம். காய்கறி, கொடி, மாடு, வைக்கோல் எல்லாம் கலந்து கிடக்கும் பின்புறம். தொண்டை மண்டலத்தின் காடுகளைப் பற்றி நான் படித்ததையெல்லாம் ஒரே சொல்லில் சுருக்கச் சொன்னால் இந்தச் சொல்லைத்தான் சொல்வேன். இங்கே காடு என்பது ஊருக்கு வெளியே எங்கோ இருந்த மர்மப் பிரதேசம் இல்லை. அது ஊரின் கொல்லைப்புறம்.

இதை முதலில் மறந்தது வெள்ளைக்காரன் என்று சொல்லிவிட்டால் கதை எளிதாகிவிடும். ஆனால் அப்படி இல்லை. பட்டினப்பாலை கரிகாலனைப் புகழும்போது, காட்டை அழித்து நாடாக்கியதையும் குளம் வெட்டியதையும் ஒரே மூச்சில் பெருமையாகச் சொல்கிறது. தொண்டை மண்டலத்தின் தோற்றக் கதையும் அதேதான். குறும்பர்கள் கோட்டை கட்டி வாழ்ந்த காட்டு நாட்டை ஆதொண்டன் வென்று, காடு திருத்தி, வேளாளரைக் குடியேற்றினான் என்பது மரபு. குறும்பர் பக்கக் கதையை எழுதி வைக்க ஆளில்லை. ஆக, மரம் வெட்டியவனைத்தான் இந்த மண் நெடுங்காலம் பாராட்டி வந்திருக்கிறது. அந்தக் கணக்கில் நமக்கும் பங்கு உண்டு.

இனி அந்தக் காட்டையே கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம்.

வண்டலூர், நன்மங்கலம், சேலையூர் பக்கத்துப் புதர்க்காட்டில் நடப்பது சுகமான காரியம் அல்ல. சட்டையைக் களா பிடிக்கும், விட்டால் காரை பிடிக்கும், இரண்டும் விட்டால் காலடியில் சிற்றீச்சை குத்தும். இடுப்புயரம், தலையுயரம், அதற்குமேல் அநேகமாக எதுவும் இல்லை. பார்த்தவுடன் யாருக்கும் தோன்றுவது, இதெல்லாம் ஒரு காடா என்பதுதான். ஆனால் ஒரு புதரை விலக்கி அடியைப் பாருங்கள். தரையோடு தரையாக, யானைக்கால் அளவுக்குப் பருத்த ஒரு அடிமரம் இருக்கும். அதிலிருந்து விரல் பருமனில் பத்துப் பன்னிரண்டு குச்சிகள் கிளம்பியிருக்கும். இலை சின்னது, தோல்போலத் தடித்தது, மேற்புறம் எண்ணெய் தடவியதுபோல மினுமினுப்பு. உலக்கைப் பாலை. உலக்கை செய்யும் அளவுக்கு வைரம் பாய்ந்த மரம் என்பதால் வந்த பெயர். ஒன்பது பத்து மீட்டர் உயரம் நிற்க வேண்டியது இடுப்பளவில் நிற்கிறது. வெட்டினார்கள், துளிர்த்தது, ஆடு கடித்தது, மறுபடி துளிர்த்தது, திரும்பவும் வெட்டினார்கள். அந்தக் குச்சிகளுக்கு வயது மூன்று நான்கு இருக்கலாம். அடிமரத்தின் வயது நம் தாத்தாவின் தாத்தாவுக்கும் மேலே.

இதற்குத் தாவரவியலார் வைத்திருக்கும் பெயர் உலர் பசுமைமாறாக் காடு. எச்.ஜி. சாம்பியன் 1936-ல் இந்தியக் காடுகளை வகைபிரித்தபோது இதைத் தனி வகையாகக் கொண்டார். உலர் என்கிறார்கள், பசுமை மாறாது என்கிறார்கள், இரண்டும் எப்படி ஒன்றாகப் பொருந்தும்? மழை வரும் காலம்தான் காரணம். நாட்டின் பெரும்பகுதிக்குத் தென்மேற்குப் பருவமழை. நமக்கு ஐப்பசி, கார்த்திகை அடைமழை. கோடைக்கு முன்னால் இலையை உதிர்த்துவிட்டு ஆடி மழைக்குக் காத்திருக்கும் வழக்கம் சோழமண்டலக் கரை மரங்களுக்கு ஒத்துவராது. சிறிய தடித்த இலைகளை வைத்துக்கொண்டு, நீரைச் சிக்கனமாகச் செலவழித்து, எட்டு மாதத்தை ஓட்டுகின்றன. பாலை, வீரை, காசான், காட்டு எலுமிச்சை, நாவல் எல்லாம் இந்த வாழ்க்கைக்குப் பழகியவை. பெரும்பாலும் சதைப்பற்றுள்ள பழங்கள். குயிலும் கொண்டைக்குருவியும் தின்று விதையை அடுத்த புதரடியில் போட்டுவிட்டுப் போகும். நட ஆள் தேவையில்லாத காடு இது. வெட்டாமல் விட ஆள் வேண்டும்.

காசானைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். மயிலிறகு நிறத்தில், கிளையை ஒட்டியபடியே பூக்கும் சிறு மரம். பூத்த காசானைப் பார்த்தவர்கள் அதை மறக்க மாட்டார்கள். அடுப்பெரித்தவர்களும் மறக்க மாட்டார்கள்: சூடு நின்று எரியும் விறகு. அழகும் ஆபத்தும் ஒரே மரத்தில்.

1763-ல் ஆற்காட்டு நவாப் முகமது அலி, செங்கல்பட்டுச் சீமையைக் கிழக்கிந்தியக் கம்பெனிக்கு ஜாகீராகக் கொடுத்தார். நான்கு ஆண்டுகளில் கணக்கெடுப்பு தொடங்கியது. தாமஸ் பர்னார்டு என்ற பொறியாளர் 1767 முதல் 1774 வரை ஏறக்குறைய 2000 ஊர்களை அளந்தார். ஊர்க் கணக்கர்களின் ஓலைகளும் அதில் சேர்ந்தன. ஊர்நத்தம், ஏரி, தோப்பு, காடு, மேடு, தரிசு என்று நிலம் பிரிக்கப்பட்டது. இந்த இடத்தில் சற்று நிற்க வேண்டும். எந்தத் துண்டைக் காடு என்று எழுதுவது, எதைத் தரிசு என்று எழுதுவது? பாலைக் குச்சிகள் இடுப்பளவு நிற்கும் அந்தச் சரிவு எது? ஏர் ஓடவில்லை, எனவே தரிசு. ஆடு மேய்கிறது, எனவே மேய்ச்சல். விறகு கிடைக்கிறது, எனவே காடு. கணக்கன் அன்றைக்கு எதை எழுதினானோ அதுதான் பின்னாளில் அந்த நிலத்தின் தலையெழுத்து ஆனது.

1780-ல் ஹைதர் அலியின் படை வந்தது. பொள்ளிலூர்ப் போரும் அதைத் தொடர்ந்த பஞ்சமும் சீமையைக் கந்தலாக்கின. உடைந்த ஏரிகளைக் கட்ட 1790-களில் ஆட்சியர் லயனல் பிளேஸ் வர வேண்டியிருந்தது.

நம் காட்டுக்கு முக்கியமான ஆள் வேறொருவர்: கம்பெனி அதிகாரி எல்லிஸ். திருக்குறளை ஆங்கிலத்துக்குக் கொண்டுபோன அதே எல்லிஸ்தான். 1818-ல் அச்சான மிராசு, அதாவது காணியாட்சி, பற்றி அரசு கேட்ட கேள்விகளுக்கான அவருடைய பதில்களில், தொண்டை மண்டலத்துக் காணியாட்சிக்காரர்களின் உரிமைகளை விரிவாக எழுதினார். மிராசுதாரின் பங்கு விளைநிலத்தோடு முடியவில்லை. ஊர் எல்லைக்குள் கிடக்கும் தரிசும் தோப்பும் மேய்ச்சலும் விறகும்கூட அவர்கள் உரிமைக்குள் அடங்கும் என்பது அவர்கள் வாதம். வெளியாள் ஒருவன் தரிசைத் திருத்திப் பயிரிட்டால் மிராசுதாருக்குத் துண்டுவாரம் கொடுக்க வேண்டும். ஆக, யாருக்கும் வேண்டாதது போலக் கிடந்த புதருக்கும் சொந்தக்காரர்கள் இருந்தார்கள். அதே புதரில் சுள்ளி பொறுக்கிய, ஆடு மேய்த்த, கிழங்கு தோண்டிய மக்களுக்குத்தான் எந்தப் பெயரும் எந்த ஓலையிலும் இல்லை.

பட்டணம் வளர்ந்தது. அடுப்புகளும் செங்கல் சூளைகளும் பெருகின. 1856-ல் இராயபுரத்திலிருந்து வாலாஜா ரோடு வரை ரயில் ஓடியது. அதே ஆண்டில்தான் சென்னை மாகாணத்துக்கு முதல் காட்டுப் பாதுகாவலராக மருத்துவர் ஹியூ கிளெகார்ன் நியமிக்கப்பட்டார். இரண்டும் ஒரே ஆண்டில் நடந்ததைத் தற்செயல் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. தண்டவாளத்துக்கு அடியில் போட மரம் வேண்டும், எஞ்சினுக்குள் போட விறகு வேண்டும். காட்டைக் காப்பாற்ற வேண்டும் என்ற ஞானம் அப்போதுதான் வந்தது. கடலோர மணலில் சவுக்கைப் பயிராக்கியதும், பக்கிங்காம் கால்வாயில் விறகுப் படகுகள் வரிசை கட்டியதும் இந்தப் பசிக்காகத்தான்.

இந்திய வனச்சட்டம் 1878-ல் வந்தது. சென்னை மாகாணம் அதை ஏற்கவில்லை. காரணம் சுவையானது. மாகாணத்தில் ஏதாவது ஒரு ஊரின் எல்லைக்குள் வராத காடு அநேகமாக இல்லவே இல்லை என்று வருவாய் வாரியம் 1871-லேயே எழுதியிருந்தது. காலங்காலமாக மக்கள் மேய்த்தும் வெட்டியும் வந்த இடத்தை ஒரு கையெழுத்தில் அரசுடைமை என்று எப்படிச் சொல்வது என்பது அவர்கள் கேள்வி. வெள்ளைக்கார அதிகாரிகள், அதுவும் வரி வசூலிக்கும் வாரியத்தார், கொல்லைப்புறம் என்ற கருத்தை இவ்வளவு தெளிவாகப் புரிந்துகொண்டிருந்தது எனக்கு வியப்புதான். புரிந்துகொண்டதால் என்ன ஆயிற்று? இந்திய வனத்துறைத் தலைவர் டீட்ரிக் பிராண்டிஸ் சென்னைக்கு வந்தார், பேச்சு நடந்தது, 1882-ல் சென்னை வனச்சட்டம் வந்தது. அந்தச் சட்டம்தான், தமிழ்நாடு வனச்சட்டம் என்ற பெயரில், திருத்தங்களோடு இன்றும் நடப்பில் இருக்கிறது.

சட்டத்தின் வேலைமுறை எளிது. நான்காம் பிரிவில், இந்த இடத்தைக் காப்புக்காடாக்கப் போகிறோம் என்று அறிவிப்பு. ஆறாம் பிரிவில், உரிமை கோருபவர்கள் வந்து சொல்லலாம் என்று ஊரில் பிரகடனம். வழக்கைக் கேட்கத் தனி அதிகாரி. எல்லாம் முடிந்தால் பதினாறாம் பிரிவில் காப்புக்காடு. கல் நடுவார்கள். காகிதத்தில் நியாயமாகத்தான் இருக்கிறது. பத்திரம் வைத்திருந்தவன் போய்ச் சொன்னான். சுள்ளி பொறுக்கிய கிழவி எந்தக் காகிதத்தோடு போவாள்?

இதே பத்தாண்டில் செங்கல்பட்டில் இன்னொரு கணக்கும் நடந்துகொண்டிருந்தது. ஆட்சியர் ட்ரெமன்கீர், மாவட்டத்துப் பறையர் மக்களின் நிலை பற்றி 1891-ல் ஓர் அறிக்கை எழுதினார். தரிசு ஏராளமாகக் கிடந்தும் அதில் ஒரு துண்டுக்கு விண்ணப்பம் போட்டால் மிராசுதார்கள் எப்படி மறித்தார்கள் என்பது அதில் பதிவாகியிருக்கிறது. அதன் பலனாக 1892 செப்டம்பர் 30-ல் வந்த 1010-ஆம் எண் அரசாணைதான் பஞ்சமி நிலங்களுக்கு வழி திறந்தது. ஒரே தரிசைப் பாருங்கள்: மிராசுதாரின் ஓலையில் அது காணி. வனத்துறை வரைபடத்தில் காப்புக்காடு. நிலமற்றவரின் மனுவில் நாளைய வயல். மூன்று பேர் மூன்று பக்கம் இழுத்தார்கள். பாலைக்கு எந்தக் கணக்கிலும் ஓட்டு இல்லை. காட்டைக் காப்பது என்றால் நல்லவர்கள் ஒரு பக்கம், கெட்டவர்கள் ஒரு பக்கம் என்று எழுதுகிறவர்கள் இந்த மூன்று கணக்கையும் ஒருமுறை பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கலாம்.

மேய்ச்சல் கட்டணமும் அபராதமும் மாகாணம் முழுக்கக் கசப்பைக் கிளப்பின. தெலுங்குப் பகுதியான பல்நாட்டில் புல்வரிக்கு எதிராக மக்கள் எழுந்து, 1922-ல் கன்னெகண்டி ஹனுமந்து சுட்டுக் கொல்லப்பட்டார். செங்கல்பட்டில் துப்பாக்கிச் சத்தம் இல்லை. இங்கே எதிர்ப்பு வேறு மாதிரி: விடியற்காலை நான்கு மணிக்குப் போய், வனக் கார்டு வருவதற்குள் கட்டைத் தலையில் ஏற்றிக்கொண்டு திரும்பிவிடுவது. களாக்காய் அம்மா குரலைத் தாழ்த்தினாரே, அந்தத் தாழ்த்தலுக்கு வயது நூறுக்கு மேல்.

இருபதாம் நூற்றாண்டில் பட்டணத்துக்காரர்களுக்கு இந்தப் புதரின் மீது திடீர் ஆசை வந்தது. விறகுக்காக அல்ல, காற்றுக்காக. 1928-ல் மருத்துவர் டேவிட் சௌரிமுத்து, தாம்பரத்துப் பச்சைமலை அடிவாரத்தில் காசநோய் மருத்துவமனை தொடங்கினார். அந்தச் சானடோரியம்தான் இன்றைக்கும் ரயில் நிலையத்தின் பெயர். 1937-ல் சென்னைக் கிறித்தவக் கல்லூரி ஜார்ஜ் டவுன் நெரிசலை விட்டுச் சேலையூர்க் காட்டில் 365 ஏக்கரில் குடியேறியது. அங்கே வேதியியல் கற்பித்த எட்வர்டு பார்ன்ஸ் சோதனைக் குழாயை வைத்துவிட்டுச் செடி சேகரிக்கப் போய்விடுவார் போலிருக்கிறது. வளாகத்து மரங்களில் அவர் கை உண்டு. மலைச்செடி ஒன்றுக்கு அரிசீமா பார்னெசியை என்று அவர் பெயரே வைக்கப்பட்டது. கல்லூரி சுவர் எழுப்பியது. சுவருக்கு உள்ளே காடு நிமிர்ந்தது. வெளியே இருந்தது மனைகளானது. இன்று தாம்பரத்துப் புள்ளிமான் அந்தச் சுவருக்குள்தான்.

அதே சேலையூரில் 1969 வாக்கில் ரோமுலஸ் விட்டேகர் ஒரு சின்னப் பாம்புப் பண்ணை தொடங்கினார். கிண்டிக்குப் போனது பிறகு, 1972-ல். அவருக்குப் பாம்பு காட்டிக் கொடுத்தவர்கள் இருளர்கள். இந்தக் காட்டை எந்த ஓலையிலும் பெயரில்லாமல் முழுதாக அறிந்திருந்தவர்கள் அவர்கள்தான். புற்றின் வாயில் கிடக்கும் மண்ணின் பளபளப்பைப் பார்த்து, உள்ளே இருப்பது எலியா, சாரையா, நல்லபாம்பா என்று சொல்லிவிடுவார்கள். தோல் வியாபாரிக்குப் பிடித்துக் கொடுத்துப் பிழைத்தார்கள். 1972 வன உயிரினச் சட்டமும் 1976-ல் வந்த தோல் ஏற்றுமதித் தடையும் அந்தப் பிழைப்பை நிறுத்தின. பாம்பைக் காத்த சட்டம் பாம்புக்காரரைப் பட்டினி போட்டது. 1978-ல் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் பிறந்தது அதற்கு விடையாக. வடநெம்மேலியில் மண்பானைக்குள் பாம்பை வைத்து, சில வாரங்களில் சில முறை விஷம் எடுத்து, மறுபடி காட்டிலேயே விட்டுவிடுகிறார்கள். நாட்டின் பாம்புக்கடி மருந்துக்கு மூலப்பொருளில் பெரும்பங்கு அங்கிருந்துதான் போகிறது. 2023-ல் இருளர்களான வடிவேல் கோபால், மாசி சடையன் இருவருக்கும் பத்மஸ்ரீ கிடைத்தது.

ஜூ கதைக்கு வருவோம். 1855-ல் எழும்பூரில் எட்வர்டு பால்ஃபர் தொடங்கிய விலங்குக்கூடம், பின்னாளில் பீப்பிள்ஸ் பார்க்கில் நெரிந்து கிடந்தது. 1979-ல் வண்டலூர் காப்புக்காட்டில் இடம் ஒதுக்கி வேலை தொடங்கினார்கள். 1985 ஜூலை 24-ல் எம்.ஜி.ஆர். திறந்து வைத்தார். இன்று 602 எக்டேர். காப்புக்காடு என்ற பெயர் இருந்ததே தவிர, தொடங்கியபோது அங்கே பெரும்பகுதி மொட்டை மேடும் முள்ளும்தான். சுற்றுச்சுவர் எழும்பி, ஆடும் அரிவாளும் நின்ற பிறகு, அடிமரங்கள் தாமாகவே எழுந்தன. நட்ட மரங்களும் வளர்ந்தன. 2016 டிசம்பர் 12-ல் வர்தா புயல் அடித்து, பூங்காவில் 10,000-க்கும் மேற்பட்ட மரங்கள் சாய்ந்தன. கிளை பரப்பி உயர்ந்து நின்றவைதான் காற்றுக்கு முதலில் அகப்பட்டன. இடுப்பளவுப் புதரைச் சாய்க்கப் புயலுக்கு என்ன இருக்கிறது?

சுவரில்லாத காடு என்ன ஆனது? நன்மங்கலத்தில் 320 எக்டேர் மிஞ்சியது. நடுவே கல்குவாரி தோண்டிய பள்ளம். அதன் பாறை இடுக்கில் கொம்பன் ஆந்தை குடியிருக்கிறது. இயற்கைக்குக் கூச்சம் கிடையாது. மற்ற இடங்களில் வேலிக்காத்தான். தெற்கே சீமைக்கருவேலம் என்பார்கள், நம் பக்கத்தில் இந்தப் பெயர்தான் வழக்கு. அதைத் திட்டாத கூட்டம் இல்லை. ஆனால் ஏழை வீட்டு அடுப்பை ஐம்பது ஆண்டு எரித்து, அந்த அளவுக்குக் காசானையும் பாலையையும் அரிவாளிலிருந்து காப்பாற்றியது அந்த முள்மரம் என்பதையும் யாராவது சொல்ல வேண்டும்.

பிறகு கேஸ் வந்தது. 2007 பொங்கலை ஒட்டி அரசு இலவச எரிவாயு இணைப்பும் அடுப்பும் கொடுக்கத் தொடங்கியது. 1882 சட்டத்தால், அபராதத்தால், கார்டின் தடியால் நூற்றிருபது ஆண்டுகளாக ஆகாதது அந்தச் சிலிண்டரால் பெருமளவு ஆயிற்று என்பது என் எண்ணம். தலைச்சுமை விறகு வண்டலூர்ச் சாலையில் காணாமல் போய்விட்டது. "இப்ப யாரு சார் கட்டு தூக்கறா, களாக்காய்க்குத்தான் போறேன்" என்றார் அந்த அம்மாவும்.

விறகுக்கு ஆள் வராத காட்டுக்கு மனை போட ஆள் வருகிறார்கள். காப்புக்காட்டுக் கல்லுக்கு அந்தப் பக்கம் பத்திரம். இந்தப் பக்கம், "ஃபாரஸ்ட் வியூ" என்று விளம்பரப் பலகை. மலைச் சரிவுக்கும் ஏரிக்கும் நடுவே கிடந்த மேய்ச்சல் புறம்போக்குதான் முதலில் போனது. எந்தக் கணக்கிலும் காடாக எழுதப்படாத கொல்லைப்புறம் அது. 2015 டிசம்பர் முதல் தேதி, ஒரே நாளில் தாம்பரத்தில் 49 சென்டிமீட்டர் பெய்தது. அவ்வளவு மழையை எந்தக் காடும் குடித்துவிடாது. அப்படி எழுதுவது ஏமாற்று வேலை. ஆனால் புதர் மூடிய சரிவில் இறங்கும் நீர் தயங்கித் தயங்கி வரும். சிமென்ட் சரிவில் வருவது ஓடி வரும். மணிமங்கலம், ஆதனூர், ஒரத்தூர் ஏரிகளை நிரப்பி வழிந்த நீர் அன்றைக்கு எந்த வழியாக முடிச்சூருக்கும் வரதராஜபுரத்துக்கும் வந்தது என்பதற்கு ஓர் அத்தியாயமே வேண்டும்.

அந்த அம்மாவிடம் கால் கிலோ களாக்காய் வாங்கினேன். ஊறுகாய்க்குப் பச்சையாகத்தான் வேண்டும் என்று பழுத்ததையெல்லாம் பொறுக்கி எடுத்துவிட்டு நிறுத்தார். பழுத்தவற்றை என் உள்ளங்கையில் வைத்து, "இது கணக்கு இல்ல, சும்மா தின்னுங்க" என்றார்.

அடுத்த இதழில் ஒரத்தூர் ஏரிக்கரையிலிருந்து அடையாற்றோடு இறங்குவோம்.